அச்சாணியும் ஸ்க்ரூ டிரைவரும்

(கோவையில் உடற்பயிற்சிக்கூட உரிமையாளர்கள், பயிற்சியாளர்கள், கருவி மெக்கானிக்குகள் கூடிய கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

கூட்டத்துக்குத் தலைமை ஏற்றிருக்கும் ஐயா அவர்களே, சொன்ன நேரத்துக்கு ஐந்து நிமிடம் முன்பே வந்து நம்மையெல்லாம் வெட்கப்பட வைத்த மாண்புமிகு மேயர் அவர்களே, மாவட்ட விளையாட்டு அலுவலர் அவர்களே, மாவட்டத் தொழில் மையத்திலிருந்து வந்திருக்கும் அதிகாரி அவர்களே, முன்வரிசையில் அமர்ந்திருக்கும் எலும்புமுறிவு மருத்துவர் அவர்களே! “டாக்டருக்கு ஆள் அனுப்பி வைப்பதே நாங்கள்தான்” என்று பின்னாலிருந்து ஒரு தம்பி குரல் கொடுக்கிறார். சிரிக்கலாம். அதில் கொஞ்சம் உண்மை இருப்பதால்தான் இந்தக் கூட்டமே. திருப்பூர், பொள்ளாச்சி, மேட்டுப்பாளையம் என்று பல ஊர்களிலிருந்து காலை வகுப்பை முடித்த கையோடு பஸ் ஏறி வந்திருக்கும் உரிமையாளர்களே, பயிற்சியாளர் தம்பிகளே, தங்கைகளே, எண்ணெய்க் கறையோடு கடைசி வரிசையில் நிற்கும் மெக்கானிக் நண்பர்களே, எல்லோருக்கும் வணக்கம். நிற்கிறவர்கள் தயவுசெய்து முன்னால் வந்து உட்காருங்கள். இன்றைய பேச்சே உங்களைப் பற்றியதுதான். மண்டபத்தை வாடகை வாங்காமல் கொடுத்த பெரியவருக்கும், காலையிலிருந்து மைக்கோடு மல்லுக்கட்டிக்கொண்டிருக்கும் ஒலிபெருக்கித் தம்பிக்கும் உங்கள் சார்பில் நன்றி. பொன்னாடைக்குப் பதிலாக ஆளுக்கொரு கர்லாக்கட்டை கொடுத்த வரவேற்புக் குழுவுக்கும் நன்றி. மேயர் அவர்கள் அதை வாங்கி ஒரு சுற்றுச் சுற்றியும் காட்டினார்கள். படம் எடுக்கத் தவறியவர்கள் கூட்டம் முடிந்ததும் கேட்டுக்கொள்ளுங்கள்.

“இந்தியாவில் உடற்பயிற்சித் தொழில்: நேற்று, இன்று, நாளை” என்பது எனக்குத் தந்த தலைப்பு. மூன்றாகப் பிரித்துக்கொண்டேன். ஒன்று கருவி, இரண்டு பயிற்சியாளர், மூன்று புரோட்டீன் மாவு. இந்த மூன்றையும் ஒரே கயிற்றில் கட்ட நம் பெரியவர்கள் ஒரு பழமொழி வைத்திருக்கிறார்கள். அச்சாணி இல்லாத தேர் முச்சாண் ஓடாது. என்னை ஏற்கெனவே கேட்டவர்கள் “ஆரம்பித்துவிட்டார்” என்று ஒருவரையொருவர் பார்த்துக்கொள்வது தெரிகிறது. பரவாயில்லை. ஜிம் கருவிகளில் எடையை இழுக்கும் கேபிள் அறுவது நிற்கிற வரைக்கும் சொல்லிக்கொண்டுதான் இருப்பேன்.

நேற்றைக் கொஞ்சம் பார்த்துவிடுவோம். ‘ஜிம்’ என்ற சொல் வருவதற்கு முன்னாலேயே நம் ஊர்களில் தேகப்பயிற்சி சாலை இருந்தது. செம்மண் தரை, கர்லாக்கட்டை, தூக்கிப் போட உருண்டைக் கல், சுவரில் அனுமார் படம், தண்டால், பஸ்கி. கர்லாக்கட்டைக்கு கேபிள் கிடையாது, கல்லுக்குப் புல்லி கிடையாது, எண்ணெய் போடும் வேலை உடம்புக்கு மட்டும்தான். 1920இல் ஹாரி குரோ பக் என்ற அமெரிக்கர் சென்னையில் தொடங்கிய ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்விக் கல்லூரி இன்றும் நந்தனத்தில் நடக்கிறது. உடற்பயிற்சியைப் படித்துச் சொல்லிக்கொடுக்க வேண்டும் என்ற எண்ணத்துக்கு இந்த மண்ணில் நூறு வயது தாண்டிவிட்டது. நம் நாட்டு உடற்கட்டு வீரர்களான மனோதோஷ் ராய் 1951இலும் மனோகர் ஐச் 1952இலும் லண்டன் போய்த் தத்தம் பிரிவில் மிஸ்டர் யுனிவர்ஸ் என்ற ஆணழகர் பட்டத்தோடு திரும்பினார்கள். ஐச்சின் உயரம் ஐந்து அடிக்கும் குறைவு. வாழ்ந்தது நூறு ஆண்டுக்கு மேல். அவர்கள் காலத்து ஜிம்மில் பழுதாக என்ன இருந்தது? அதிகம் போனால் ஒரு பெஞ்சின் கால்.

இன்று நிலைமை வேறு. 2022ஆம் ஆண்டுக் கணக்குப்படி இந்தியாவில் வயது வந்தவர்களில் கிட்டத்தட்டப் பாதிப் பேர் போதுமான அளவு உடலை அசைப்பதில்லை என்று ‘லான்செட் குளோபல் ஹெல்த்’ இதழ் 2024இல் வெளியிட்ட ஆய்வு சொல்கிறது. பெண்களில் 57 விழுக்காடு, ஆண்களில் 42 விழுக்காடு. உலக சுகாதார நிறுவனம் கேட்பது வாரத்துக்கு 150 நிமிடம் மிதமான உடலுழைப்பும், குறைந்தது இரண்டு நாள் தசைகளுக்கு வலுவூட்டும் பயிற்சியும்தான். வேகமாக நடக்கிறவர்கள்கூட அந்த இரண்டாவதை விட்டுவிடுகிறார்கள். ஆகவே நம் தொழிலுக்கு ஆள் பஞ்சம் வராது. 2019 ஆகஸ்ட் 29, ஹாக்கி வீரர் தயான் சந்த் பிறந்தநாளில் ‘ஃபிட் இந்தியா’ இயக்கம் தொடங்கியது. அடுத்த ஆண்டே, 2020 மார்ச்சில், கொரோனாவால் நாட்டில் உள்ள ஜிம்களுக்கெல்லாம் பூட்டு. ஆகஸ்ட் 5ஆம் தேதியிலிருந்துதான் திறக்கலாம் என்றார்கள். 2021இல் இரண்டாம் அலையில் மறுபடி பூட்டு. வாடகை, வட்டி, சம்பளம் எல்லாம் எப்படி முட்டியது என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் அந்த மாதங்களில் யாரும் கணக்கெடுக்காத ஒரு நட்டம் நடந்தது. ஓடாமல் நின்ற ட்ரெட்மில் பெல்ட்டுகள் ரோலரில் மடங்கிய இடத்திலேயே வளைந்து இறுகிப்போயின. வியர்வை ஊறிய கேபிள்களின் உள்ளே துரு பிடித்தது. கதவைத் திறந்த அன்று தூசியைத் துடைத்துவிட்டு, அதே கேபிளில் ஆளைத் தொங்கவிட்டோம்.

1932இல் பம்பாயில் தொடங்கிய தல்வல்கர்ஸ் என்ற ஜிம் நிறுவனம் 2010இல் பங்குச் சந்தைக்கு வந்தது, 2019இல் கடன் தவணை கட்ட முடியாமல் சரிந்தது. புதுக் கிளை திறக்கும் வேகத்தில் போகிறவர்களுக்குப் பழைய கிளையைப் பார்க்க நேரம் இருக்காது என்பது பெரிய நிறுவனங்களுக்கு மட்டுமான நோய் இல்லை. தெருமுனை ஜிம்முக்கும் அதே காய்ச்சல்தான்.

வரி விஷயத்தையும் சொல்லியாக வேண்டும். தொழில் மைய அதிகாரி இருக்கிறார், தப்பாகச் சொன்னால் திருத்துவார். 2025 செப்டம்பர் 22 முதல் ஜிம் சேவைக்கான ஜி.எஸ்.டி. 18 விழுக்காட்டிலிருந்து 5 ஆகிவிட்டது. மாதக் கட்டணம் ஆயிரம் ரூபாய் என்றால் முன்பு 180 ரூபாய் வரி, இப்போது 50. உறுப்பினருக்கு நல்ல செய்தி, பட்டாசு வெடித்தோம். ஆனால் இந்த 5 விழுக்காட்டில் உள்ளீட்டு வரிச் சலுகை கிடையாது. கருவி, கேபிள், பெல்ட் வாங்கும்போது நீங்கள் கட்டும் வரியை இனிமேல் கழித்துக்கொள்ள முடியாது, முழுச் செலவாக உங்கள் தலையில் விழும். விளைவு என்ன? “இந்தக் கேபிளை இன்னும் மூன்று மாதம் இழுத்துப் பார்ப்போம்” என்று தோன்றும். இன்சுலேஷன் டேப் சுற்றத் தோன்றும். பட்டியலில் முதலில் வெட்டு விழுவது பராமரிப்பில்தான். விளம்பரத்தில் யாரும் வெட்டுவதில்லை.

இப்போது கருவிக்கு வருவோம். கொங்கு வட்டார மெக்கானிக்குகள் டீக்கடையில் சொல்லிச் சொல்லிச் சிரிக்கும் கதை ஒன்று உண்டு. கொஞ்சம் நீளம், பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஒரு ஊரில் ஒரு ஜிம். நாலு ட்ரெட்மில். அதில் மூன்றாவது மட்டும் சண்டித்தனம். ஆள் இல்லாமல் ஓடவிட்டால் குதிரை மாதிரி ஓடும். ஆள் ஏறினால், கால் வைக்கிற ஒவ்வொரு தடவையும் ஒரு வெட்டு வெட்டும். பத்து நிமிடத்தில் திரையில் ஏதோ எழுத்தைக் காட்டிவிட்டு நின்றுவிடும். முதல் மெக்கானிக் வந்தார், “போர்டு போயிருச்சுங்க” என்றார். மோட்டாரை ஓட்டும் எலக்ட்ரானிக் போர்டை மாற்றினார்கள். இருபது நாளில் புதுப் போர்டும் கருகியது. இரண்டாவது மெக்கானிக் வந்தார், “கரண்ட் ஏறி எறங்குது, ஸ்டெபிலைசர் வையுங்க” என்றார். ஸ்டெபிலைசர் வந்தது, அதோடு இன்னொரு போர்டும் வந்தது. அதுவும் போனது. மூன்றாவது ஆள் மூன்றாவது போர்டையும் போட்டுவிட்டு, பெல்ட் வழுக்குகிறது என்று பின் ரோலரின் இரண்டு போல்ட்டையும் இறுக்கு இறுக்கென்று இறுக்கினார். இப்போது பேரிங்கும் ஊளையிட ஆரம்பித்தது. உரிமையாளரின் மாமனார் வாஸ்து பார்க்கிறவர். “மிசின் கன்னி மூலையில நிக்குது, அதான்” என்றார். நாலு பேர் சேர்ந்து ஈசான மூலைக்குத் தூக்கி வைத்தார்கள். கைப்பிடியில் ஒரு எலுமிச்சம்பழமும் கட்டியாயிற்று. மிசின் ஈசான மூலையிலும் நின்றது. நிற்பதில் அதற்குத் திசை வேறுபாடு இல்லை.

கடைசியில், பக்கத்துத் தெருவில் பம்ப் செட் மோட்டாருக்குக் காயில் கட்டும் பெரியவரைக் கூட்டி வந்தார்கள். வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு மிசினை ஒரு சுற்றுச் சுற்றி வந்தார்.

“ஏனுங்க, இது எங்கீங்க போகும்?”

“எங்கீமே போகாதுங்கய்யா. நின்ன எடத்துலயே ஓடறதுக்கு.”

“அதுக்கு வயசு வந்த ஆளு நெதமும் காசு கட்டறானுங்களா?” என்று கேட்டுவிட்டுக் குத்தவைத்து உட்கார்ந்தார். பிளக்கைப் பிடுங்கச் சொன்னார். பெல்ட்டின் ஓரத்தைத் தூக்கிக் கையை உள்ளே விட்டார், நடுப்பகுதி வரைக்கும். வெளியே எடுத்த விரலில் சப்பாத்தி மாவு மாதிரி ஒரு கரும்பசை. மோந்து பார்த்தார்.

“எண்ணெய் போட்டீங்களா?”

“போட்டமுங்க. வாரா வாரம் தவறாம.”

“என்ன எண்ணெய்?”

“தேங்காயெண்ணெய்ங்க. செக்குல ஆட்டுனது, சுத்தமானது.”

பெரியவர் கொஞ்ச நேரம் ஒன்றுமே பேசவில்லையாம். பிறகு மின்னோட்டம் அளக்கும் கிளாம்ப் மீட்டரை எடுத்து மோட்டாருக்குப் போகும் ஒற்றை வயரில் மாட்டி, ஒரு ஆளை நடக்கச் சொல்லிப் பார்த்தார். 14 ஆம்பியர். துணியை உள்ளே விட்டு இரண்டு பக்கமும் வழித்துத் துடைத்தார்கள். பெல்ட்டைத் தளர்த்தினார்கள். சிலிக்கோன் ஆயில் வாங்கிவர ஆளை அனுப்பினார்கள். போட்டுப் பார்த்தால் அதே ஆள், அதே நடை, 5 ஆம்பியர். கூலி இருநூறு ரூபாய். உரிமையாளருக்கு ஒரு பக்கம் சந்தோஷம், இன்னொரு பக்கம் மூன்று போர்டின் விலை கண்ணில் ஆடுகிறது. கடைசியாக, “அய்யா, அந்த எலுமிச்சம்பழத்தக் கழட்டிரலாமுங்களா?” என்று கேட்டாராம். “கழட்டிப் பிழிஞ்சு கையக் கழுவுங்க சாமி, பிசுக்குப் போகும்” என்றாராம் பெரியவர்.

கைதட்டியதற்கு நன்றி. ஆனால் கதைக்குள் இருக்கும் சங்கதியைக் கவனியுங்கள். பெல்ட்டுக்கும் அடியில் உள்ள பலகைக்கும், அதாவது டெக்குக்கும், நடுவில் உராய்வு ஏறினால் மோட்டார் கூடுதல் மின்னோட்டத்தை இழுக்கும். அந்தச் சூடு நேராகப் போய் உட்காருவது போர்டில். பலகை வறண்டிருந்தால் நூறு போர்டு மாற்றினாலும் கருகத்தான் செய்யும். எண்ணெய் போடுவதற்கு முறை இருக்கிறது. பிளக்கைப் பிடுங்குங்கள். பெல்ட்டை ஓரத்தில் தூக்கி, கால் படும் நடுப்பகுதியில் விரலை ஓட்டுங்கள். வழுவழுப்பு இருந்தால் விட்டுவிடுங்கள், வறட்சியாக இருந்தால் மட்டும் போடுங்கள். கலப்பில்லாத சிலிக்கோன் ஆயில், ஒரு பக்கத்துக்கு 15 மில்லி, மொத்தம் 30. துரு நீக்கும் ஸ்ப்ரே கூடாது, எஞ்சின் ஆயில் கூடாது, தேங்காயெண்ணெயைத் தலையோடு நிறுத்திக்கொள்ளுங்கள். மணிக்கு 4 கிலோமீட்டர் வேகத்தில் ஐந்து நிமிடம் வெறுமனே ஓடவிட்டால் பரவிவிடும். மெழுகு பூசிய டெக் என்றால் எண்ணெயே போடக் கூடாது, கையேட்டைப் பாருங்கள். அதிகமாகப் போட்டாலும் வம்பு. ரோலரில் ஏறி பெல்ட் வழுக்கும், வழுக்குகிறதே என்று இறுக்குவீர்கள், பேரிங் போகும்.

இறுக்கம் சரியா என்று பார்க்க, பெல்ட்டின் மையத்தில் ஓரத்தைப் பிடித்துத் தூக்குங்கள். இரண்டு, மூன்று அங்குலம் எழும்ப வேண்டும். பெல்ட் இடது பக்கம் ஒதுங்கினால் பின்னால் இருக்கும் இடது போல்ட்டைக் கடிகார முள் போகும் திசையில் கால் சுற்று, கால் சுற்று மட்டும், திருப்பிவிட்டு ஒரு நிமிடம் ஓடவிட்டுப் பாருங்கள். பொறுமை இல்லாதவர்கள் முழுச் சுற்றுத் திருப்புவார்கள். பெல்ட் அந்தப் பக்கம் போய் உரசிக் கிழியும். மோட்டார் மூடியைக் கழற்றி மாதம் ஒருமுறை தூசியை உறிஞ்சி எடுங்கள். பிளக்கைப் பிடுங்கிய உடனே கைவைக்காதீர்கள், போர்டிலுள்ள கெப்பாசிட்டரில் மின்சாரம் கொஞ்ச நேரம் நிற்கும். பின்பக்கம் 2 மீட்டர் காலி இடம் வேண்டும். சுவரை ஒட்டிப் போட்டு, நாலாவது மிசினுக்கு இடம் கண்டுபிடித்ததாகப் பெருமைப்படாதீர்கள். விழுகிறவர் சுவருக்கும் ஓடும் பெல்ட்டுக்கும் நடுவில் மாட்டுவார். ஊருக்கெல்லாம் பம்ப் மோட்டார் செய்து கொடுக்கும் கோவையில், எர்த் சரியில்லாத பிளக்கில் ட்ரெட்மில் ஓடுவது போன்ற கேவலம் வேறில்லை.

அடுத்தது பின். மேலிருந்து பாரை இழுக்கும் லாட் புல்டவுனில், காலை நீட்டி எடை தூக்கும் லெக் எக்ஸ்டென்ஷனில், தகடுகளை அடுக்கிய வெயிட் ஸ்டாக்கில் எத்தனை தகடு வேண்டும் என்று குத்துகிறோமே, அந்தச் சின்னப் பின். முதலில் தொலைவது அதுதான். தொலைந்ததும் என்ன செய்கிறோம்? ஸ்க்ரூ டிரைவர்! சிவப்புக் கைப்பிடி வெளியே நீட்டிக்கொண்டிருக்க, அறுபது கிலோ தகடுகள் ஒரு ஸ்க்ரூ டிரைவரை நம்பி ஏறி இறங்குவதைப் பார்க்காதவர்கள் இந்த மண்டபத்தில் கை தூக்குங்கள். ஒரு கைகூட எழவில்லை.

அது ஏன் ஆபத்து? துளை 10 மில்லிமீட்டர் என்றால் ஸ்க்ரூ டிரைவரின் தண்டு 6 மில்லிமீட்டர். உள்ளே ஆடும். ஒவ்வொரு தடவை தகடு ஏறி இறங்கும்போதும் கொஞ்சம் சாய்ந்து, கண்ணுக்குத் தெரியாமல் வெளியே நகரும். பன்னிரண்டாவது தடவையோ பதின்மூன்றாவதோ நழுவும். தகடுகள் பொத்தென்று விழும், இழுத்துக்கொண்டிருந்தவர் கையில் திடீரென்று எடை இல்லை. முழுப் பலத்தோடு இழுத்த பார் நேராக முகத்துக்கோ மார்புக்கோ வரும், இல்லையென்றால் ஆளே இருக்கையோடு பின்னால் சாய்வார். டாக்டர் தலையாட்டுகிறார், பார்த்திருக்கிறார் போலும். அச்சாணி இல்லாத தேர் முச்சாண் ஓடாது என்று சொன்னவர் லாட் புல்டவுனைப் பார்த்ததில்லை, ஆனால் பின்னைப் பற்றி அவருக்குத் தெரிந்திருக்கிறது. அந்த மிசினுக்குரிய பின்தான் வேண்டும். அதே விட்டம், அதே நீளம், பிடித்து நிறுத்தும் பூட்டு. இரண்டு உபரிப் பின் வாங்கி மேசை டிராயரில் வையுங்கள். தொலையாமல் இருக்க ஒரு சுருள் கம்பியில் மிசினோடு கட்டுங்கள்.

கேபிள். வெளியே பார்த்தால் கறுப்பு பிளாஸ்டிக். உள்ளே எஃகுக் கம்பி முறுக்கு. பல கேபிள்களில் ஏழு புரி, புரிக்குப் பத்தொன்பது இழை, ஆக 133 இழை. அது ஒரே நாளில் அறுவதில்லை. புல்லியில் வளையும் இடத்திலும், நுனியில் கொக்கி அமுக்கிய இடத்திலும் ஒவ்வொரு இழையாக அறுந்துகொண்டே வரும், மேலுறை அதை மூடி மறைத்துக்கொண்டிருக்கும். ஆனால் அறிகுறி காட்டாமல் போகாது. உறையில் வெடிப்பு, ஓரிடத்தில் புடைப்பு, ஓரிடத்தில் மெலிவு, தளர்த்தினால் சுருண்டுகொள்வது, நுனியில் பழுப்புத் துரு. வாரம் ஒருமுறை ஸ்டாக்கை ஏற்றி இறக்கி, ஒரு பருத்தித் துணியால் கேபிளை முழு நீளத்துக்கும் உருவிப் பாருங்கள். வெறுங்கையால் உருவாதீர்கள், வெளியே நீட்டிய இழை சதைக்குள் இறங்கும். துணி எங்காவது மாட்டினால் அன்றே கேபிளை மாற்றுங்கள். உறை வெடித்திருந்தாலும் அன்றே. எதுவும் தெரியாவிட்டாலும், கூட்டமான ஜிம்மில் ஆண்டுக்கு ஒருமுறை மாற்றிவிடுங்கள். முடிச்சுப் போட்டு ஓட்டுவது, யு கிளாம்ப் போட்டு இணைப்பது, டேப் சுற்றுவது இதெல்லாம் பராமரிப்பு இல்லை. டேப் சுற்றினால் அடுத்த இழை அறுவது தெரியாது, அவ்வளவுதான் பலன். தகடுகள் ஏறி இறங்கும் கம்பியான கைட் ராடில் கிரீஸ் அப்பாதீர்கள், தூசியைப் பிடித்து அரைக்கும். துடைத்துவிட்டு மெல்லிய சிலிக்கோன் பூச்சுப் போதும்.

இரண்டு நுனியிலும் தகடு மாட்டித் தூக்கும் பார்பெல் பற்றி ஒரு வரி. 20 கிலோ ஒலிம்பிக் பார் 2.2 மீட்டர் நீளம். தரையில் உருட்டிப் பார்த்தால் நுனி மேலும் கீழும் ஆடுகிறதா? வளைந்துவிட்டது, ஓரமாக வையுங்கள். தகடு நழுவாமல் பிடிக்கும் லாக் போடாமல் தூக்குகிறவரை, அவர் எவ்வளவு பெரிய ஆளாக இருந்தாலும், நிறுத்துங்கள்.

மேயர் அவர்கள் இருக்கும்போதே பூங்காக்களைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். ஓபன் ஜிம் வந்தது பெரிய காரியம். காசு கொடுத்து ஜிம்முக்குப் போக முடியாத பெண்கள், வயதானவர்கள் அங்கேதான் வருகிறார்கள். திறப்பு விழாவுக்கு ரிப்பன் உண்டு, பலகை உண்டு. அடுத்த மழைக்காலத்துக்குப் பிறகு யார் கிரீஸ் வைப்பது என்பதற்குப் பலகை இல்லை. காலை வீசி நடக்கும் கருவியில் பேரிங் தேய்ந்தால் முதலில் கீச்சென்று சத்தம் வரும், பிறகு பக்கவாட்டில் ஆட்டம் வரும், கடைசியில் கையே கழன்று வரும். இடித்து நிற்க வைத்திருக்கும் ரப்பர் கட்டை விழுந்துவிட்டால் இரும்போடு இரும்பு மோதும். நடுவில் குழந்தையின் விரல் இருக்கலாம். மாதத்துக்கு ஒரு நாள், ஒரு மெக்கானிக், ஒரு கிரீஸ் கன், ஒரு ஸ்பேனர் செட். ஒரு பூங்காவுக்கு ஒரு மணி நேர வேலை. அதைத்தான் கேட்கிறோம்.

இரண்டாவது, பயிற்சியாளர். இது தனி உரைக்கான விஷயம். விளையாட்டு, உடற்கல்வி, உடற்தகுதித் துறைக்கென்று தேசிய அளவில் திறன் கவுன்சில் இருக்கிறது, பயிற்சியாளருக்கான தகுதித் தேர்வுகள் இருக்கின்றன, மேலக்கோட்டையூரில் உடற்கல்விப் பல்கலைக்கழகமே இருக்கிறது. இருந்தும் ஆறு மாதம் உடம்பேற்றிய தம்பி ஏழாவது மாதம் பயிற்சியாளர் ஆகிவிடுகிறார். புதிதாகச் சேருகிறவரிடம் ஏழு கேள்வி கேட்கும் ‘பார்-கியூ’ படிவம் உலகம் முழுக்கப் புழக்கத்தில் உள்ளது. இதய நோய் உண்டா, ரத்த அழுத்தம் உண்டா, நெஞ்சு வலிக்கிறதா, மயக்கம் வருகிறதா, தொடர்ந்து மாத்திரை சாப்பிடுகிறீர்களா என்கிற மாதிரி. ஒன்றுக்கு ‘ஆம்’ வந்தாலும் மேற்கொண்டு விசாரித்து, தேவைப்பட்டால் மருத்துவரிடம் அனுப்பிவிட்டுத்தான் எடையில் கைவைக்க விட வேண்டும். நிரப்ப ஐந்து நிமிடம் ஆகாது. யாராவது மயங்கி விழுந்து மூச்சில்லை என்றால், ஒருவர் 108ஐ அழைக்க, இன்னொருவர் மார்பின் நடுவில் நிமிடத்துக்கு 100 முதல் 120 முறை, 5 சென்டிமீட்டருக்குக் குறையாமல், 6ஐத் தாண்டாமல் அழுத்த வேண்டும். இதயத்துக்கு மின்னதிர்ச்சி தரும் ஏ.இ.டி. கருவி கட்டடத்தில் இருந்தால் ஓடிப்போய் எடுத்து வர வேண்டும். இதற்குத் தனியாக ஒரு நாள் வகுப்பு வைக்க டாக்டர் ஒத்துக்கொண்டிருக்கிறார், அங்கே முழுதாகப் பார்ப்போம். ஆனால் பயிற்சியாளர்களிடம் இப்போதே ஒன்று கேட்கிறேன். உறுப்பினர் உங்கள் முகத்தைப் பார்த்துத்தான் அந்த மிசினில் உட்காருகிறார். கேபிளை உருவிப் பார்க்காத பயிற்சியாளர் எத்தனை சான்றிதழ் மாட்டியிருந்தால் என்ன? அச்சாணி இல்லாத தேர்தான்.

மூன்றாவது, மாவு. தலைவர் மணியைத் தொட்டுவிட்டார், ஆகவே சுருக்கமாக. டப்பாவில் உணவுப் பாதுகாப்பு ஆணையமான எஃப்.எஸ்.எஸ்.ஏ.ஐ.யின் 14 இலக்க உரிம எண் இருக்கிறதா பாருங்கள், அதைத் தளத்தில் போட்டுச் சரிபாருங்கள். புரதத்தின் அளவை நைட்ரஜனை அளந்து கணக்கிடுவது வழக்கமான முறை. அதனால் நைட்ரஜன் உள்ள, விலை குறைந்த கிளைசின், டாரின் போன்றவற்றைக் கலந்து எண்ணிக்கையை ஏற்றிக் காட்ட முடியும். மூலப்பொருள் பட்டியலில் அவை தனியாக வந்திருந்தால் சந்தேகப்படுங்கள். உடம்பேற்றப் போடும் ஊசி விஷயம் இந்த மேடையில் வேண்டாம். நம்மில் சிலர் தரையைப் பார்க்கிறார்கள், அது போதும்.

இனி நான் வந்த வேலை. நாம் கேட்பது சுவர் ஏடு. ஒவ்வொரு ஜிம்மிலும், ஒவ்வொரு பூங்காவிலும், உறுப்பினர் கண்ணில் படும் இடத்தில் ஒரு அட்டை. அலுவலக அலமாரிக்குள் பூட்டி வைக்கும் ரிஜிஸ்டர் நமக்கு வேண்டாம். அட்டையில் ஐந்து கட்டம் போதும்: மிசின் எண், பார்த்த தேதி, பார்த்தவர் கையெழுத்து, என்ன கண்டார், என்ன மாற்றினார். மிசினுக்கெல்லாம் பெயிண்டால் எண் எழுதுங்கள். தினமும் திறக்கும்போது பின், லாக், போல்ட், ட்ரெட்மில்லின் அவசர நிறுத்தச் சாவி. வாரம் ஒருமுறை கேபிளும் டெக்கின் வறட்சியும். மாதம் ஒருமுறை போல்ட் இறுக்கம், வெல்டிங் வெடிப்பு, மோட்டார் தூசி. சந்தேகம் வந்த மிசினில் சிவப்பு அட்டை மாட்டி, பின்னைக் கழற்றி டிராயரில் வைத்துவிடுங்கள். “ரிப்பேர், தொடாதே” என்று தாளில் எழுதி ஒட்டினால் ஒருவரும் கேட்கப்போவதில்லை. பின் இல்லாவிட்டால் எடை ஏறாது, பேச்சு முடிந்தது. ஸ்க்ரூ டிரைவரை மட்டும் அன்றைக்கு ஒளித்து வையுங்கள்.

மாநகராட்சி உரிமம் புதுப்பிக்கும்போது இந்த அட்டையின் நகலைக் கேட்க வேண்டும் என்பது முதல் கோரிக்கை. பூங்காக் கருவிகளுக்கும் அதே அட்டை, அதே கட்டம் என்பது இரண்டாவது. ஐ.டி.ஐ.களில் உடற்பயிற்சிக் கருவிப் பராமரிப்புக்குக் குறுகிய காலப் பயிற்சி நடத்த வேண்டும், அதற்கு ஆசிரியர்களாகக் கடைசி வரிசையில் நிற்கிறவர்களை அழைக்க வேண்டும் என்பது மூன்றாவது. மேயர் அவர்கள் குறித்துக்கொண்டார்கள், பார்த்தேன்.

மணி இரண்டாம் முறையும் அடித்துவிட்டது. தீர்மானத்தில் கையெழுத்துப் போடும் தாள் வாசல் மேசையில் இருக்கிறது, பக்கத்திலேயே அச்சடித்த அட்டைகளும் இருக்கின்றன. ஆளுக்கு மிசின் எண்ணிக்கைப்படி எடுத்துக்கொள்ளுங்கள். இப்போது முன்வரிசையிலிருந்து ஒரு கேபிள் துண்டு கை மாறி வரும். உறை நன்றாகத்தான் இருக்கும், புதிது போலப் பளபளக்கும். சிவப்பு மை வைத்த இடத்தில் உறையைக் கீறி வைத்திருக்கிறோம், விலக்கிப் பாருங்கள். 133 இழையில் எத்தனை மிச்சம் என்று எண்ணிக்கொள்ளுங்கள். கூடவே வரும் துணியால் பிடியுங்கள், கையைக் கிழிக்கும். கடைசி வரிசைக்குப் போனதும் மேடைக்குத் திருப்பி அனுப்பிவிடுங்கள். அடுத்த வாரம் பொள்ளாச்சிக் கூட்டத்துக்கு அது வேண்டும். வணக்கம்.